சுருட்டு: ஒரு சொல்லின் செலவும் வரவும்

தமிழிலிருந்து பிற மொழிகளுக்குச் சென்ற சொற்களை நிரல்படுத்திக் காட்டுவது நம்மிடையே நெடுநாள் வழக்கம். கட்டுமரம், கறி, மிளகுதண்ணீர், சுருட்டு என்று தொடங்கும் அந்நிரலை யாமும் வகுப்பறையில் பன்முறை ஒப்பித்திருக்கின்றோம். மாணவர் மகிழ்வர், மணியும் அடித்துவிடும். அண்மையில் முதுகலை மாணவர் ஒருவர், “சுருட்டு என்பதே ஆங்கிலத்தில் செரூட்டு ஆயிற்று என்கின்றீர்கள், அங்ஙனமாயின் சுருட்டெல்லாம் செரூட்டு ஆகுமா?” என வினவினார். ‘ஆகும்’ என விடையிறுத்துவிட்டு அறைக்குத் திரும்பியபின், அவ்விடை பிழை என்பது புலனாயிற்று. அப்பிழையைத் திருத்துமுகத்தான் எழுந்ததே இக்கட்டுரை. கடன் சென்ற சொல்லைக் கணக்கில் எழுதி வைத்தலோடு அமைவோர், அச்சொல் சென்றவிடத்து என்ன பொருளாயிற்று, அதன் அயல் வடிவம் தமிழொலி பற்றி என்ன சான்று பகர்கின்றது என்னும் இரண்டினையும் இழந்து விடுகின்றனர் என்பது எம் கருத்து.

முதற்கண் சொல்லின் அமைப்பை நோக்குவோம். சுருள் என்பது தன்வினை. சுருட்டு என்பது அதன் பிறவினை. உருள் – உருட்டு, புரள் – புரட்டு, திரள் – திரட்டு, மருள் – மருட்டு என்னும் இணைகளோடு ஒருங்கு வைத்து எண்ணத் தக்கது இது. அப்பிறவினை முதனிலையே விகுதி பெறாது தொழிற்பெயராகிப் பின் அத்தொழிலால் ஆகிய பொருளுக்கு ஆகிவந்தது. கட்டு, பூட்டு என்பனவும் இவ்வாறு வந்தனவே. வற்றல், பொரியல் என்று தொழிலாகுபெயருக்கு எடுத்துக்காட்டுத் தரும் நம் இலக்கண நூல்கள் சுருட்டினையும் சேர்த்துக்கொண்டிருக்கலாம். பள்ளிப் பிள்ளைகளுக்கு அது தகாது எனக் கருதினர் போலும்.

இச்சொல் தமிழில் தனித்து நிற்பதன்று. பாயைச் சுருட்டுகின்றோம், அஞ்சிய நாய் வாலைச் சுருட்டுகின்றது, பிறர் பணத்தைச் சுருட்டிக்கொண்டு ஓடுவோரும் உளர். சுருட்டை முடி, சுருட்டை விரியன் என்பனவும் இக்குடும்பத்தனவே. ஆதலின் தமிழ் பேசுவோன் சுருட்டு என்று சொல்லுங்கால், பொருளோடு அதனைச் செய்த கையின் தொழிலும் அச்சொல்லினுள்ளேயே கேட்கின்றது. புணர்ச்சியும் இவ்விரண்டனையும் பிரித்துக் காட்டுகின்றது. சுருட்டுப் பெட்டி, சுருட்டுக் கடை என வல்லெழுத்து மிக்கு வருமாயின் அது பெயர். சுருட்டுதற்குரிய பாயைச் சுருட்டு பாய் என வினைத்தொகையாக்குவோமாயின் வல்லெழுத்து மிகாது. ஓரொற்று, தொழிலையும் பொருளையும் வேறு பிரிக்கின்றது. இவ்வுறவு செரூட்டு என்னும் ஆங்கிலச் சொல்லுக்கு இல்லை. அஃது அங்கே வேரும் கிளையுமின்றி நிற்கின்றது.

இனிப் பொருளின் வரவு. புகையிலை அமெரிக்கப் பயிர். போர்ச்சுகீசியர் வழியாக இந்நாட்டுக்கு வந்தது. பீசப்பூரிலிருந்து அசத் பெக் என்பார் அக்பரின் அவைக்கு அதனைக் கொண்டு சென்றது 1604–05 அளவில் ஆகும். வடபுலத்து மொழிகள் பொருளோடு அயற்பெயரையும் ஏற்றுத் ‘தம்பாகு’ என வழங்கின. தமிழோ அங்ஙனம் செய்யாது, புகைத்தற்குரிய இலை எனத் தன் சொற்களைக் கொண்டே பெயரிட்டது. தெலுங்கின் ‘பொகாகு’, கன்னடத்தின் ‘ஹொகெசொப்பு’, மலையாளத்தின் ‘புகயில’ ஆகியனவும் இம்முறையினவே. தென்மொழிகள் நான்கும் ஒருபடித்தாய் நடந்துகொண்டமை தனித்து ஆராயத் தக்கது. ஈண்டு விரிப்பிற் பெருகும்.

வந்த இலை மிக விரைவில் நம் வாழ்வினுள் ஊன்றிவிட்டது. சுடலைமாடன், முனி, கருப்பன் முதலிய காவற்றெய்வங்களின் படையலில் சுருட்டு இடம்பெறுவதைக் காண்போர், அதனைத் தொன்றுதொட்ட வழிபாட்டுக் கூறாக எழுதிவிடுதல் உண்டு. தெய்வம் தொன்மையதாகலாம், படையலின் இக்கூறு போர்ச்சுகீசியர் வரவுக்கு முற்பட்டதாதல் இயலாது. இலக்கியத்திலும் இவ்விலைக்கு இடங்கிடைத்தது. சீனிச்சர்க்கரைப் புலவர், பழனி முருகனைத் தலைவனாகக் கொண்டு புகையிலையைத் தூது விடுத்தார். அந்நூலைப் பதிப்பித்தவர் உ. வே. சாமிநாதையர். புகையிலையின் பெயர்க்காரணம் கூறும் கதை ஒன்று அந்நூலின் தொடர்பில் வழங்குகின்றது. தேவர்கள் மூவரிடமும் ஒவ்வோர் இலையை ஒப்படைக்க, சிவனுடைய வில்வத்தைக் கங்கையும் திருமாலின் துளவத்தைப் பாற்கடலும் கொண்டுபோயின. பிரமனது இலை கலைமகள் நாவில் இருந்தமையால் ‘போகை இலை’ ஆயிற்று, அஃதாவது போகவில்லை. அதுவே புகையிலை எனத் திரிந்தது என்பது கதை. சொல்லாராய்ச்சியாக இதனைக் கொள்வார் இலர். ஆயினும், நேற்று வந்த பயிருக்குத் தேவர் அவையில் ஒரு வழக்கும் வெற்றியும் படைத்துத் தந்த புலமை, அயற்பொருளை அயலதாக விட்டுவைக்க மனங்கொள்ளாத சமுதாயத்தின் புலமை என்பதை மறுத்தற்கில்லை.

இவ்விலையைச் சுருட்டிப் புகைக்கும் முறைக்குப் பெயர் தருதற்கு வேண்டிய சொல்லும் இங்கே ஆயத்தமாக இருந்தது. சுருள் என்பது வெற்றிலைச் சுருளைக் குறிக்கும். தென்பாண்டி நாட்டிலும் நாஞ்சில் நாட்டிலும் திருமணத்தில் பணம் வைத்தளிப்பதைச் சுருள் என்றே வழங்குவர். சிலப்பதிகாரத்தில் கண்ணகி கோவலற்கு அளித்த வெற்றிலைக்கு வரும் திரையல் என்னும் பெயரும் சுருளுதற் பொருளதே. வடமொழியில் வீடிகா என்பது வெற்றிலைச் சுருள். அதன் வழிவந்த இந்திச் சொல் பீடா. அதனோடு இனமான பீடி என்னும் சொல்லே புகைபொருளுக்குப் பெயராகிப் பின் தமிழ்நாட்டுக்கும் வந்து சேர்ந்தது. ஆக, வெற்றிலையை மடித்தும் சுருட்டியும் வாயில் இட்ட பழக்கமே, வடக்கிலும் தெற்கிலும் புதிய புகைபொருளுக்குப் பெயரிடும் அச்சாக உதவிற்று. சுருட்டு, பீடி என்னும் இரண்டும் இன்று இருவேறு பொருள்களுக்குரியன. பெயரிட்ட கருத்தளவில் அவை உடன்பிறப்புகள்.

ஐரோப்பியர் குறிப்புகளில் இச்சொல் தோன்றும் இடம் கூர்ந்து நோக்கற்பாலது. தாமஸ் பௌரி என்னும் ஆங்கிலக் கடல்வணிகர், வங்கக் கடலைச் சூழ்ந்த நாடுகளைப் பற்றி 1669 முதல் 1679 வரையிலான காலத்துக்குரிய செய்திகளை எழுதி வைத்தார். அவ்வேடு 1905-இல் அச்சேறிற்று. இக்கரையின் எளிய மக்கள் புகையிலையை வெறுமனே சுருட்டி, ஒரு முனையைக் கொளுத்தி மறுமுனையை இதழிடையே வைத்துப் புகைப்பர் என்று அவர் கூறுகின்றார். அவர் ‘மலபார்’ என்பது, அக்கால வழக்கின்படி தமிழரையும் உள்ளடக்கும். அப்பொருளின் பெயர் ‘பங்கோ’ என்றும், போர்ச்சுகீசியர் அதனைச் ‘செரூட்டா’ என்பர் என்றும் அவர் எழுதியுள்ளார். தமிழ்ச் சொல் போர்ச்சுகீசியர்க்கு உரியதாகவும், வேறொரு சொல் இந்நாட்டுக்கு உரியதாகவும் மாறி அமைந்திருத்தல் காண்க. இஃது எழுதினோர் குற்றமன்று. செவிவழி வந்த சொல்லுக்கு, அதனைத் தம்மிடம் சொன்னவரையே உரியவராகக் கொள்ளுதல் எங்கும் உள்ள இயல்பே.

பங்கோ என்பது யாது? யூலும் பர்னெல்லும் தொகுத்து 1886-இல் வெளிவந்த ‘ஹாப்சன்–ஜாப்சன்’ அகராதி, இதனைச் சுருட்டினைக் குறித்த பழைய சொல் என்று கூறிப் ‘புங்குஸ்’ என்னும் மலாய்ச் சொல்லோடு இயைக்கின்றது. புங்குஸ் என்பதற்குப் பொதிதல், பொதி என்பன பொருள். 1711-இல் நூல் வெளியிட்ட லாக்கியர் என்னும் வணிகர் இப்பொருளை விளக்குங்கால், சிறிது புகையிலையை ஒரு மரத்தின் இலையில் பொதிந்து, சுண்டுவிரல் அளவில் செய்வர் என்கின்றார். சோழமண்டலக் கரையின் வழக்கத்தையும் அதனோடு சார்த்துகின்றார். இவ்விளக்கத்தின்படி பங்கோ, இன்றைய பீடியை ஒத்ததேயன்றிச் சுருட்டினை ஒத்ததன்று. புகையிலையையே சுருட்டுதல் ஒரு தொழில். புகையிலைத் தூளை வேறோர் இலையில் பொதிதல் மற்றொரு தொழில். தமிழும் மலாயும் இவ்விரு தொழிலுக்கும் வேறு வேறு வினை வழங்கின. ஐரோப்பியரோ இரண்டு பெயர்களையும் ஒரு பொருளின் மேல் ஏற்றினர். நாளடைவில் பங்கோ வழக்கொழிந்தது, செரூட்டு நின்றது. இதில் வியப்பு என்னவெனின், இன்றைய மலாயில் சுருட்டுக்குப் பெயர் ‘செருத்து’ என்பதாகும். தன் சொல்லை ஆங்கிலேயர்க்குக் கொடுத்துக் கைவிட்ட மொழி, தமிழ்ச் சொல்லைத் தனக்கு ஆக்கிக்கொண்டது.

தமிழ்ச் சொல்லா, மலையாளச் சொல்லா என்னும் வினாவும் எழுப்பப்படுவதுண்டு. மலையாளத்திலும் இச்சொல் உண்டு; அங்கே மொழிமுதற் சகரம், ‘பச்சை’ என்பதன்கண் கேட்கும் ஒலியோடு ஒலிக்கின்றது. ஆங்கிலம், மலாய், வங்காளத்தின் ‘சுருட்’ ஆகியவற்றிலும் அவ்வொலியே உளது. தமிழர் இன்று இதனைப் பெரும்பாலும் ‘பாசி’ என்பதன்கண் உள்ள மெல்லொலியோடு ஒலிக்கின்றனர். ஆதலின் சொல் மேலைக் கரையிலிருந்தே சென்றிருத்தல் வேண்டும் என்பது அவ்வினாவை எழுப்புவோர் துணிபு. இத்துணிபுக்கு அடிப்படை போதாது. செங்கற்பட்டு, சேப்பாக்கம், சேத்துப்பட்டு ஆகிய ஊர்ப்பெயர்களை ஆங்கிலேயர் எவ்வாறு எழுதினர் என்பதைக் கருதுக. மூன்றும் சென்னையும் அதன் அண்மையும் ஆகிய பகுதியில் உள்ளன. மலையாளத்தின் இடையீடு இவற்றுக்கு இல்லை. மூன்றனையும் ‘பச்சை’ என்பதன் ஒலிகுறிக்கும் எழுத்துகளாலேயே அவர்கள் தொடங்கினர். சோழமண்டலம் என்பதனைப் பழைய போர்ச்சுகீசியர் எழுதியதும் அவ்வாறே. சேலம் என்னும் பெயர் இதற்கு மாறாக மெல்லொலி எழுத்தால் எழுதப்பெற்றது உண்மையே. அதனால் போதருவது, இருவகை ஒலிப்பும் இடத்துக்கும் காலத்துக்கும் ஏற்ப நிலவின என்பதாம். ஹாப்சன்–ஜாப்சன் இத்தமிழ்ச் சொல்லை ஷகரம் போன்ற ஒலியோடு எழுதிக் காட்டுதலும் இங்கு நினைக்கத் தகும். பர்னெல் தஞ்சையில் நீதிபதியாக இருந்தவர், தமிழ் ஒலிக்குச் செவி பழகியவர். சகரத்தை வல்லினத்துள் வைத்து இடைநா அண்ணத்தில் பிறப்பதாகத் தொல்காப்பியர் கூறிய ஒலி, மொழிமுதலில் எக்காலத்து, எவ்விடத்து நெகிழ்ந்தது என ஆராய்வார்க்கு இத்தகைய கடன்சொற்கள் கல்வெட்டும் தராத சான்றினைத் தரும். ஏனெனில், தமிழ் நெடுங்கணக்கில் ஒலி நெகிழினும் எழுத்து மாறுவதில்லை. அயலான் தன் எழுத்தில் எழுதும்பொழுதே வேறுபாடு வெளிப்படும்.

இன்னும் வலுவான குறிப்பு ஒன்று உண்டு. 1759-இல் கல்கத்தாவில் நவாபுக்கு நடந்த விருந்தின் செலவுக் கணக்கில், மசூலிப்பட்டினத்துச் செரூட்டு 60 பவுண்டு, விலை 500 ரூபாய் என்று பதிவாகியுள்ளது. மசூலிப்பட்டினம் தெலுங்கு நாட்டது. தெலுங்கிற் சுருட்டுக்குப் பெயர் ‘சுட்ட’; அது தமிழின் சுற்று என்பதோடு இனமான வினையிலிருந்து பிறந்தது. ஆயினும் தெலுங்கு நாட்டுச் சரக்கும் ஆங்கிலேயர் ஏட்டில் செரூட்டு என்றே ஏறிற்று. அதற்குள் அச்சொல் ஊரையும் நாட்டையும் விட்டுச் சரக்கின் பொதுப்பெயராகிவிட்டது என்பது இதனால் துணியப்படும்.

சொல்லின் ஈற்றைப் பற்றியும் சிறிது கூறல் வேண்டும். சுருட்டு என்பது வன்றொடர்க் குற்றியலுகரம். அரை மாத்திரையளவே ஒலிக்கும் அவ்வுகரம் அயல்மொழிகளில் என்ன ஆயிற்று எனக் காண்பது இலக்கணம் பயில்வோர்க்குச் சுவை தரும். ஆங்கிலேயர் செவியில் அது படவில்லை; விட்டனர். வங்காளியரும் விட்டனர். மலாயர் அதனை முற்றியலுகரமாக நிறைத்து ஒலித்தனர். போர்ச்சுகீசியர், தம் மொழியில் பெயர் பால் உணர்த்தி முடிதல் வேண்டுமாதலின், ஆண்பாலீற்று ஓகரம் தந்து ‘சருத்தோ’ என்றாக்கினர். இன்றும் அவர் மொழியில் சுருட்டுக்கு அதுவே பெயர். பௌரி கேட்டெழுதிய ‘செரூட்டா’ என்னும் வடிவில் ஈற்றுயிர் இருத்தலும் காண்க. சிங்களம் ‘சுருட்டு’ என உகரத்தையும் இரட்டித்த டகரத்தையும் ஒருங்கே காத்தது. யாழ்ப்பாணத்தார் இலங்கையின் தென்பகுதி ஊர்களில் வைத்திருந்த சுருட்டுக் கடைகளை அறிந்தவர்க்கு இதன் காரணம் விளங்கும். அங்கே சொல் ஏட்டின் வழியாகச் செல்லவில்லை. கடைக்காரர் வாயிலிருந்து நேரே சென்றது. ஆங்கிலத்தில் அழுத்தம் இரண்டாம் அசையில் விழுவதும் வறிதே அன்று. சுருட்டு என்பது செய்யுளீற்றில் ‘பிறப்பு’ என்னும் வாய்பாட்டது. ‘ருட்’ என ஒற்றடுத்த பகுதியே அதில் ஓசை கனப்பது. முதற்குறில் நெகிழ்ந்து பல மொழிகளிலும் வேறு உயிராயினமைக்கும் இதுவே காரணம்.

தேனிய மொழியிலும் சுவீடிய மொழியிலும் ‘செருட்’ என்னும் வடிவம் உண்டு. தரங்கம்பாடி 1620 முதல் 1845 வரை தேனியர் கையில் இருந்தமை கொண்டு, இது தமிழிலிருந்து நேரே சென்றது எனச் சொல்ல நா எழும். வரலாற்று அண்மை மட்டும் சொல்வரலாறு ஆகாது. ஈற்றுகரம் அறவே கெட்ட அவ்வடிவம், ஆங்கிலம் முதலிய ஐரோப்பிய மொழிகளின் வழி சென்றதாகவே எமக்குத் தோன்றுகின்றது.

இனி மாணவர் வினாவுக்கு வருவோம். தமிழில் சுருட்டு என்பது பொதுப்பெயர். முனை கூரியதாயினும் மழுங்கியதாயினும், உறையூரிற் செய்ததாயினும் கியூபாவிலிருந்து வந்ததாயினும் சுருட்டே. ஆங்கிலத்திலோ அப்பொதுமைக்கு எசுப்பானியத்திலிருந்து வந்த ‘சிகார்’ உரியதாயிற்று. செரூட்டு என்பது இருமுனையும் ஒருசேர வெட்டிய வகைக்கு ஒதுங்கிற்று. இந்தியச் சுருட்டும் மணிலாச் சுருட்டும் முற்காலத்தில் அவ்வாறே வெட்டப்பெற்றமையால் இச்சுருக்கம் நேர்ந்தது. பொதுப்பெயர் சென்று சிறப்புப்பெயராய் நின்றது. அதனோடு ஒழியவில்லை. கிப்ளிங்கு 1890-இல் இயற்றிய ‘மாண்டலே’ என்னும் பாட்டில் பர்மியப் பெண் ஒருத்தி வெண்ணிறச் செரூட்டுப் புகைக்கின்றாள். பர்மியர் வழக்கில் புகையிலைக் கலவையை வேறோர் இலையிலோ சோளத்தோட்டிலோ பொதிதல் பெருவழக்கு. ஆகவே பொருளை நோக்கின் அது பழைய பங்கோவின் இனம். பெயர் மட்டுமே செரூட்டு. எந்த வேறுபாட்டைத் தமிழ் வினை காத்திருந்ததோ, அவ்வேறுபாடு ஆங்கிலத்தில் முற்றும் அழிந்தது. வேர்ப்பொருள் விளங்காத சொல்லுக்கு எப்பொருளையும் ஏற்றலாம் என்பதற்கு இதனினும் தெளிந்த எடுத்துக்காட்டு வேண்டா.

திருச்சிராப்பள்ளியின் செய்தி இன்னும் சுவையுடைத்து. அவ்வூர்ச் சுருட்டினை ஆங்கிலேயர் ‘திரிச்சி’ என்றே வழங்கினர். இடவாகுபெயருக்கு ஆங்கிலேயர் தந்த எடுத்துக்காட்டு எனலாம். கோனன் டாயில் 1887-இல் வெளியிட்ட முதல் ஷெர்லாக் ஹோம்ஸ் புதினத்தில், கொலையாளி புகைத்தது திருச்சிராப்பள்ளிச் சுருட்டு எனச் சாம்பலைக் கொண்டே துப்பறிவாளர் உணர்கின்றார். 1890-இல் வந்த அடுத்த புதினத்திலும் அதன் கருஞ்சாம்பல் பேசப்படுகின்றது. மலைக்கோட்டையையும் காவிரியையும் அறியாத ஆங்கில வாசகர் பலர்க்கு அவ்வூர் சாம்பலின் நிறமாகவே அறிமுகமாயிற்று. ஊர்ப்பெயர் அங்குச் சிறப்புப் பெற்றது என மகிழ்வார் மகிழ்க. யாம் கருதுவது வேறு: தமிழ்ச் சொல் சிறப்புப் பொருளிற் குறுகியபின், பிரிவு காட்ட ஆங்கிலம் மறுபடியும் தமிழ்நாட்டு ஊர்ப்பெயரையே நாட வேண்டியதாயிற்று.

இத்துணையும் அறிந்தபின் நம் அகராதிகளை நோக்கின் குறை தெளிவாகின்றது. ஆங்கில விளக்கம் தரும் தமிழகராதிகளில் சுருட்டு என்பதற்குச் செரூட்டு எனப் பொருள் எழுதப்பெறுகின்றது. ஆங்கில அகராதியைப் புரட்டினால் செரூட்டு என்பதற்குச் சுருட்டு மூலம் என்றிருக்கின்றது. கதவைத் தட்டியவனைப் பக்கத்து வீட்டுக்கு அனுப்ப, அவ்வீட்டார் அவனைத் திருப்பி அனுப்பிய கதையாக இது முடிகின்றது. மேலும், கொடுத்த பொதுச்சொல்லைக் குறுகிய பொருளோடு திரும்பப் பெற்று, அதனையே நம் சொல்லின் பொருளாக எழுதி வைத்திருக்கின்றோம். பொருளறியாத மாணவர் ‘இருமுனையும் வெட்டியது’ என்னும் வரையறையைத் தமிழ்ச் சொல்லுக்கும் உரியதாகக் கொள்வர். எம் மாணவர் வினா அவ்விடத்திலிருந்து பிறந்ததே.

பதிவினை இவ்வாறு அமைத்தல் தகும் என்பது எம் கருத்து. வினை முதலில் நிற்க. அதனடியாக, சுருட்டப்பட்ட எப்பொருளும் என்னும் பொதுப்பொருள் வருக. பின்னர்ப் புகையிலையைச் சுருட்டிச் செய்த புகைபொருள் என்பது தனியே எண்ணிடப்பெறுக. பொதிந்து செய்யும் பீடியினின்று இதன் வேறுபாடு அங்கேயே சுட்டப்பெறுக. செரூட்டு, சருத்தோ, செருத்து, சுருட் ஆகியன பொருள் கூறுமிடத்தில் அல்லாமல், கடன் சென்ற வடிவங்கள் என்னும் குறிப்போடு பதிவின் இறுதியில், அவ்வம் மொழியிற் கொண்ட பொருள் வேறுபாட்டுடன் தரப்பெறுக. சுருள் என்னும் பதிவிலும் வெற்றிலைச் சுருள், திருமணச் சுருள் ஆகியவற்றுக்கு அடுத்து இச்சொல்லுக்கு ஒரு நோக்கீடு அமைதல் வேண்டும்.